மணிக்கூட்டுக்காரனின் இராச்சாப்பாடு

அந்தச் சின்னப் புத்தகத்தை முதல்முறை வாசித்து முடித்ததும் நான் செய்த காரியம், அதைத் தூக்கிச் சுவரில் எறிந்ததுதான். எண்பத்து மூன்றாம் ஆண்டு. எனக்குப் பதினைந்து வயது. கொழும்பில் கடை வைத்திருந்த சித்தப்பா கலவரத்தில் எல்லாம் இழந்து, உடுத்த சாறத்தோடு கப்பலில் வந்து இறங்கி, யாழ்ப்பாணம் குருநகரில் எங்கள் வீட்டு விறாந்தையில் யாரோடும் கதைக்காமல் சுவரைப் பார்த்துப் படுத்திருந்த மாதம் அது. வீட்டில் சிரிப்புச் சத்தம் கேட்டாலே அம்மா முறைப்பார். வெளியே போகவும் விடமாட்டார். பங்குக் கோயில் வாசிகசாலையில் இருந்து அள்ளி வந்த புத்தகங்களை ஒரு மூலையில் குந்தி வாசிப்பதைத் தவிர வேறு வேலை இல்லை.

அந்தப் புத்தகத்துக்கு அட்டை இல்லை. எழுதினவர் பெயர் இல்லை. முதல் சில பக்கங்களும் இல்லை. ஏதோ ஒரு குளிர் நாட்டில் எழுதப்பட்டு, சில மொழிகளைக் கடந்து தமிழுக்கு வந்த பழைய குறுநாவல் என்று கடைசிப் பக்கக் குறிப்பு மட்டும் சொன்னது. கதை இவ்வளவுதான். ஆற்றங்கரைப் பட்டினம் ஒன்றில் மணிக்கூடு திருத்துகிற ஒருவன் இருக்கிறான். ஊர் நடுவில் நிற்கிற கோபுர மணிக்கூட்டைப் பார்த்துக்கொள்வதும் அவன்தான். அது பிழையாக அடிக்க அவன் ஒருநாளும் விட்டதில்லை. மேல்மாடியில் குடியிருக்கிற பெண், தகப்பன் விட்டுப்போன பழைய மணிக்கூட்டைத் தூக்கிக்கொண்டு அடிக்கடி அவனுடைய கடைக்கு இறங்கி வருவாள். தன்னைப் பார்க்கத்தான் வருகிறாள் என்று அவன் நினைக்கிறான். அவளோ அவனுடைய யன்னலால் தெரிகிற படகுத் துறையைப் பார்க்க வருகிறாள். அவள் விரும்புகிறவன் வந்து இறங்கப்போகும் துறை அது.

அவன் ஒருநாள் வாய்விட்டுச் சொல்கிறான். அவள் அவனுடைய முகத்தைப் பார்த்து இல்லை என்கிறாள். அதற்குப் பிறகு ஒரு உதவி கேட்கிறாள். கோபுரத்தில் ஆறு அடித்ததும் கடைசிப் படகு போய்விடும், தன் ஆள் வந்து சேரக் கொஞ்சம் பிந்தும், மணிக்கூட்டை நிறுத்தி வைக்க முடியுமா என்று. அவன் ஏறிப்போய் நிறுத்துகிறான். இரண்டு பேரும் படகேறிப் போகிறார்கள். அவன் மணிக்கூட்டைத் திரும்ப ஓடவிட்டு இறங்கி, வீட்டுக்குப் போய், சூப்பில் பாணைத் தோய்த்துச் சாப்பிடுகிறான். கிண்ணத்தை வழித்துத் துடைக்கிறான். அதோடு கதை முடிந்தது.

எனக்கு வந்த கோபத்துக்கு அளவில்லை. வெட்கம் கெட்டவனே, உனக்கு எப்படியடா சாப்பாடு இறங்குது என்று வாய்விட்டுக் கேட்டுவிட்டேன். விறாந்தையில் படுத்திருந்த சித்தப்பா தன்னைத்தான் சொல்கிறேன் என்று நினைத்துத் திரும்பிப் பார்த்தார். அதற்கு அம்மாவிடம் நல்ல அடி வாங்கினேன். அடுத்த நாள் புத்தகத்தைப் பொறுக்கி எடுத்து, கிழிந்த இடத்தைக் கோதுமைப் பசை போட்டு ஒட்டினேன். வாசிகசாலைக்கு அது திரும்பிப் போகவே இல்லை. கேட்பாரும் இல்லை.

ஒன்றிரண்டு வருடம் கழித்து ஒரு மாலை வானொலியில் நாடகம் போய்க்கொண்டிருந்தது. கேட்டுக்கொண்டு போக, அட, இது என்னுடைய மணிக்கூட்டுக்காரன்! ஊரை மாற்றி, பெயரை மாற்றி, தமிழ் ஆளாக்கி வைத்திருந்தார்கள். கடைசியில் அவன் கோபுரப் படியில் குந்தி விம்மி விம்மி அழ, வயலின் வாசித்து முடித்தார்கள். பாணும் இல்லை, சூப்பும் இல்லை. பிறகு எண்பத்தாறில் என்று நினைக்கிறேன், தெருக்கோடி வீட்டில் வாடகைக்கு டெக் எடுத்து வீடியோப் படம் போட்டார்கள். இந்தியாப் படம். அதிலும் அதே கதை. அதில் கதாநாயகன் மணிக்கூட்டுக் கோபுரத்தில் இருந்து குதித்துச் செத்தான். பக்கத்தில் இருந்த பெண்டுகள் எல்லோரும் மூக்கைச் சிந்தினார்கள். எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அம்மா தொடையில் கிள்ளினார். கதை முழுவதையும் களவெடுத்தவன் அந்தச் சாப்பாட்டை மட்டும் விட்டுவிட்டானே என்று நினைத்தேன். ஏன் இவர்களில் ஒருவருக்கும் அந்த முடிவு பிடிக்கவில்லை என்று யோசித்தேன். எனக்கும் பிடிக்கவில்லைதான். ஆனால் எழுதினவர் அதை எழுதியிருந்தார் அல்லவா.

இனி அவரைப் பற்றிச் சொல்ல வேண்டும். பெயர் வேண்டாம்.

அடுத்த ஒழுங்கையில் இருந்தவர். என்னைவிட நாலைந்து வயது மூப்பு. தகப்பனைக் கடல் கொண்டுபோய்விட்டது. கூடப் பிறந்த பெண்பிள்ளைகள் இல்லை. தாய்க்குக் கண் பார்வை மங்கிக்கொண்டு வந்தது. கடலுக்குப் போகத் தடை வந்த பிறகு, கரையோரம் பிடிபடுகிற மீனைக் கருவாடாக்கி, சைக்கிளில் கட்டிக்கொண்டு மருதனார்மடம் சந்தைக்குப் போய் விற்று வருவார். போகிற வழியில் எங்கள் படலையடியில் காலை ஊன்றி நின்று, அம்மாவுக்கு ஒரு பிடி கருவாடு கொடுத்துவிட்டு, என்னைப் பார்த்து, "என்ன ரீச்சர், இண்டைக்கு ஆருக்குப் பூசை?" என்று கேட்பார். நான் பங்குக் கோயில் நேர்சறியில் சின்னப் பிள்ளைகளுக்கு ஏச்சும் அடியுமாகப் படிப்பித்துக்கொண்டிருந்தேன். பல்கலைக்கழகத்துக்கு வேண்டிய புள்ளி வரவில்லை. வந்திருந்தாலும் அந்த நாட்களில் எங்கே போவது.

எப்போது தொடங்கியது என்று கேட்டால் எனக்குத் தெரியாது. அவருடைய சைக்கிள் மணிச் சத்தம் மற்ற மணிச் சத்தங்களில் இருந்து வேறாகக் கேட்கத் தொடங்கியபோது ஏற்கெனவே நன்றாகப் பிந்திவிட்டது. எங்கள் தெருவில் எல்லா ஆண்பிள்ளைகளும் எனக்கு அண்ணைதான். அவரை மட்டும் நான் ஒருநாளும் அண்ணை என்று கூப்பிட்டதில்லை. ஒன்றும் சொல்லாமல், "இஞ்சை பாருங்கோ" என்றுதான் கதைப்பேன். அதை அவர் கவனித்தாரோ என்னவோ, அம்மா கவனித்திருந்தார்.

அவருக்கு இன்னொரு தொழிலும் இருந்தது. கோயில் திருநாளுக்குப் போடுகிற நாட்டுக்கூத்தில் பெண் வேடம் அவருக்குத்தான். எங்கள் கரையில் அந்தக் காலத்தில் பெண்கள் கூத்து ஆடுவதில்லை. மீசையை வழித்து, கொண்டை வைத்து, சேலை கட்டி வந்து நின்றால், "எங்கடை பெட்டையளுக்கு உந்த நடை வருகுதில்லையே" என்று கிழவிகள் பெருமூச்சு விடுவார்கள். குரலும் அப்படி. கேட்கும்போது எனக்கு நெஞ்சுக்குள் ஏதோ செய்யும். வெளியே காட்டமாட்டேன். "மூக்காலை பாடுறியள்" என்று சொன்னதற்கு மேல் அவருக்கு நான் ஒன்றும் சொன்னதில்லை.

தொண்ணூறுக்குப் பிறகு கூத்துப் பாட்டு எழுதிய கொப்பி ஒன்றும் மிஞ்சவில்லை. கோட்டைச் சண்டையில் ஓடி ஒளித்துத் திரும்பி வந்தபோது, அண்ணாவியார் வீட்டில் பரம்பரையாக வைத்திருந்த கொப்பிப் பெட்டி எரிந்து கிடந்தது. கூத்துப் பழக்கி ஆட்டுகிற அந்த அண்ணாவியார் அம்மாவின் தமையன், என் மாமா. சில வருடம் கூத்தே இல்லை. பிறகு ஒரு வருடம் திருநாள் வரும்போது மாமா வந்து, "பிள்ளை, நீ கனக்கப் புத்தகம் வாசிக்கிறனி. ஒரு கதை சொல்லு, நான் பாட்டுக் கட்டுறன்" என்றார். யோசிக்காமல் மணிக்கூட்டுக்காரன் கதையைச் சொன்னேன்.

மாமா தாடியைத் தடவிக்கொண்டு கேட்டார். "கதை வடிவு. ஆனால் இதிலை ராசா எங்கை?"

"ராசா இல்லை மாமா. இது மணிக்கூடு திருத்துறவன்ரை கதை."

"ராசா இல்லாமல் கூத்தோ? ஆர் பாப்பினம்?" மணிக்கூட்டுக்காரன் அரண்மனை மணி அடிக்கிறவனாக மாறினான். படகு கப்பலாகியது. கோபுரம் கோட்டை வாசலாகியது. அதெல்லாம் பரவாயில்லை என்று விட்டேன். கடைசியில்தான் சண்டை வந்தது.

"அவள் மற்றவனோடை போயிட, இவன் என்ன செய்யிறான்?"

"வீட்டை போய்ச் சாப்பிடுறான்."

மாமா என்னைப் பார்த்த பார்வையை இன்றைக்கும் மறக்கவில்லை. "உனக்கென்ன விசரே? மங்களம் பாடாமல் கூத்து முடியக் கூடாது. கோயில் வளவிலை இருந்து சனம் அழுதுகொண்டு வீட்டை போனால் ஊருக்குக் கூடாது. ஏற்கெனவே ஊருக்கு வந்தது காணாதே?"

அந்த வருடம் எங்கள் பங்கில் மட்டும் எத்தனை வீட்டில் கறுப்பு உடுத்தியிருந்தார்கள். கடலுக்கு அப்பாலிருந்து ஷெல் எப்போது வரும் என்று தெரியாது. மாமாவின் பக்கத்தில் நியாயம் இருந்தது. அதனால் கப்பல் போகிற வழியில் மற்றவன் செத்துப்போக, அவள் திரும்பி வந்து மணிக்காரனைக் கலியாணம் செய்ய, ராசா தாலி எடுத்துக்கொடுக்க, மங்களம். நான் ஒன்றே ஒன்றுதான் கேட்டேன்: நடுவில் அவள் இல்லை என்று சொல்கிற இடம் புத்தகத்தில் இருந்தபடி இருக்க வேண்டும், அந்த வசனத்தை நானே எழுதுவேன் என்று. மாமா சரி என்றார்.

ஒத்திகை எங்கள் வீட்டு வளவில், வெயில் தாழ்ந்த பிறகு நடந்தது. விளக்குக்கு எண்ணெய் கிடையாது, இருட்ட முதல் முடித்துவிட வேண்டும். அந்த வசனம் வந்தபோது, பெண் வேடத்துக்கு நின்ற அவர் கண்ணைத் தாழ்த்தி, சால்வை நுனியைத் திருகிக்கொண்டு, "அண்ணா, என்னை மன்னியுங்கள்" என்று தொடங்கினார்.

"நிப்பாட்டுங்கோ," என்றேன். "ஆரைக் கேட்டு அண்ணா எண்டனீங்கள்? நான் எழுதினதிலை அப்பிடி இல்லை."

"அப்பிடிச் சொன்னால் கொஞ்சம் நோகாது ரீச்சர்."

"ஆருக்கு நோகாது? உங்களுக்கு நோகாது. கேக்கிறவனுக்கு ரெண்டு மடங்கு நோகும். இல்லையெண்டால் முகத்தைப் பாத்து இல்லையெண்டு சொல்லோணும். நிலத்தைப் பாக்கிறது, அண்ணை தம்பி எண்டுறது, வேறை ஆக்களைக் கொண்டு சாட்டுச் சொல்லி விடுறது, எல்லாம் களவு."

"பொம்பிளையள் அப்பிடித்தானே சொல்லுவினம்?"

"எத்தினை பொம்பிளையளிட்டைக் கேட்டு வாங்கினனீங்கள்?"

மத்தளக்காரர் கையை விட்டுவிட்டுச் சிரித்தார். என்னிடம் ஏச்சு வாங்கினவருடைய காது சிவந்தது. ஆனால் சொல்லிக் கொடுத்தால் ஏறுகிற ஆள். நாள் போகப் போக அந்த வசனம் சரியாக வந்தது. ஒருநாள் மணிக்காரன் வேடம் போடுகிறவருக்குக் காய்ச்சல். மணிக்காரனின் இடத்தில் என்னை நிற்கச் சொன்னார்கள். அவர் என் முன்னால் வந்து நின்று, நேராக என் கண்ணைப் பார்த்துச் சொன்னார்: "உம்மில் ஒரு குறையும் இல்லை. நீர் நல்லவர். என் மனம் வேறிடத்தில் நிற்கிறது. இனி அது திரும்பாது."

எனக்கு மெய் சிலிர்த்தது. நான் எழுதினது இவருடைய வாயில் இப்படி வருகிறதே என்று அன்று முழுக்கச் சந்தோஷமாகத் திரிந்தேன். ஐயோ, என்ன விசரி நான்!

கூத்துக்குக் கிட்டவாக ஒருநாள் அவர் எங்கள் வீட்டுக்கு வந்து, கூச்சப்பட்டுக்கொண்டு, வேடத்துக்கு என்னுடைய நீலச் சேலையைத் தர முடியுமா என்று கேட்டார். அம்மாவின் கையில் இருந்த அகப்பை அப்படியே நின்றது.

இதை விளங்கப்படுத்த வேண்டும். எங்கள் தெருவில் பெண் வேடம் கட்டுகிறவன் சேலையைக் கண்ட வீட்டில் வாங்கமாட்டான். தாயிடம் அல்லது தமக்கை தங்கையிடம் வாங்குவான். அவர்கள் இல்லாவிட்டால் முறைப்பெண்ணிடம், அதாவது கட்டப்போகிறவளிடம். அவளுடைய சேலையை உடுத்துக்கொண்டு ஆடுவது, ஊருக்கு வாய் திறக்காமல் சொல்வது. அதை வைத்தே எங்கள் தெருவில் கலியாணம் பேசி முடிந்திருக்கிறது. அவருடைய தாயின் சேலைகள் இடம்பெயர்வோடு போய்விட்டன. சகோதரிகள் இல்லை. வந்து என்னிடம் கேட்கிறார் என்றால் என்ன கருத்து?

"குடு பிள்ளை, குடு, குடு," என்றார் அம்மா. நான் பெட்டியைத் திறந்து சேலையை எடுத்துக் கொடுத்தேன். அம்மா நம்பினார், நானும் நம்பினேன். யார்தான் நம்பமாட்டார்கள்?

கூத்து, வழக்கம் போல விடிய விடிய இல்லை, பின்னேர வெயிலில் நடந்தது. பகல் வெளிச்சத்தில் கூத்துப் பார்ப்பது ஒரு மாதிரித்தான் இருந்தது. முகப்பூச்சு வியர்வையில் வடிவது தெரிந்தது. பார்த்துக்கொண்டிருக்கிற சனத்தின் முகமும் தெரிந்தது. கறுப்பு உடுத்தவர்கள் பின்னுக்கு நின்றார்கள். அவர் என் சேலையில் வந்து நின்றபோது முன்வரிசைப் பெண்டுகள் சேலையைப் பார்த்தார்கள், பிறகு திரும்பி என்னைப் பார்த்தார்கள். அம்மா நிமிர்ந்து இருந்தார்.

இல்லை என்கிற இடம் வந்தது. கண்ணைத் தாழ்த்தாமல் சொன்னார். சொல்லி முடித்து அவர் திரும்ப, வானத்தில் பொம்மர் சத்தம்.

ராசா, மந்திரி, சனம் எல்லாம் ஒன்றாக ஓடினோம். கோயில் வளவில் வெட்டியிருந்த பங்கருக்குள் நான் விழுந்து எழும்ப, எனக்குப் பக்கத்தில் அவர் கொண்டையோடும் சிமிக்கியோடும் குந்தியிருந்தார். குண்டு எங்கோ தள்ளி விழுந்தது. மண் சொரிந்தது. யாரோ செபமாலை சொல்லத் தொடங்கினார்கள். அவர் சேலையை முழங்கால் வரை சுருட்டி நெஞ்சோடு பிடித்துக்கொண்டிருந்தார். "படியிலை கொழுவி உம்மடை சீலைக் கரை கிழிஞ்சு போச்சு ரீச்சர்," என்றார். "அழுக்கும் பட்டிட்டுது."

"சீலை போனால் போகட்டும், தலையைக் குனியுங்கோ," என்றேன்.

"இல்லை, உம்மடை சீலையெல்லே."

அந்த ஒரு சொல்லை நான் எத்தனை நாள் வைத்துப் பார்த்தேன். பொம்மர் போனதும் வெளியே வந்து, விட்ட இடத்தில் தொடங்கி, கலியாணம் நடந்து, மங்களமும் பாடினார்கள். என் சேலையில் அவர் மணப்பெண்ணாக நின்றார். சனம் சிரித்துக்கொண்டு வீட்டுக்குப் போனது. மாமாவுக்கு நல்ல சந்தோஷம்.

அந்தக் கிழமையே அம்மா தன் தங்கையை, எங்கள் சின்னம்மாவை, அவருடைய தாயிடம் அனுப்பினார். தாய் சின்னம்மாவின் கையைப் பிடித்துக்கொண்டு, "தங்கமான பிள்ளை, நான் என்னத்தைச் சொல்லுறது, அவனைக் கேட்டுச் சொல்லுறன்" என்றாராம். எங்கள் பக்கத்தில் விருப்பம் இல்லாவிட்டால் பெண்டுகள் மூலம் ஒரு சாட்டு வரும். இந்த வருடம் வசதிப்படாது, செத்த வீட்டுத் துடக்கு, இப்படி ஏதாவது. இரண்டு வீட்டுக்கும் முகம் கெடாது. அப்படி ஒரு சாட்டும் வரவில்லை. எனக்கு வேண்டியது ஓம் என்று ஒரு சொல். நேர்சறியில் பிள்ளைகளுக்கு அந்தக் கிழமை நான் ஏசவே இல்லை. என்ன ரீச்சருக்குச் சுகமில்லையோ என்று தாய்மார் கேட்டார்கள்.

ஒரு சனிக்கிழமை மத்தியானம் அவரே வந்தார். கையில் கடதாசியில் சுற்றிய சேலை. அம்மா படலைக்கு ஓடினார். ஆண்பிள்ளை தானே நேரில் வந்திருக்கிறான் என்றால் ஓம் என்றுதானே கருத்து என்று அம்மா முடிவு கட்டிவிட்டார். சீனி காணாத காலம். நாங்கள் பனங்கட்டியைக் கடித்துக்கொண்டுதான் பால் விடாத பிளேன்ரீ குடிப்போம். யாராவது வந்தால் என்று போத்தலில் ஒளித்து வைத்திருந்த கொஞ்சச் சீனியை எடுத்துத் தேத்தண்ணி போட அம்மா குசினிக்குள் போனார்.

நான் சேலையை விரித்துப் பார்த்தேன். தோய்த்து, மடிப்புக் கலையாமல் இருந்தது. கிழிந்த கரையைத் தேடினேன். கிழிசல் இருந்த இடமே தெரியவில்லை. சேலை நூலிலேயே நூல் பிரித்தெடுத்து, பொடித் தையலாகத் தைத்திருந்தது. விரலால் தடவினால்தான் பிடிபட்டது. அவருடைய தாய்க்குக் கண் தெரியாது. அவருக்கு வலை பொத்தத் தெரியும், இது வலை பொத்துகிற கை இல்லை.

"இதை ஆர் தைச்சது?"

"கோப்பாயிலை ஒரு ஆள்."

"தையல்காரரோ?"

"இல்லை. மருதனார்மடச் சந்தைக்கு மரக்கறி கொண்டு வாறவ. சைவக்காரர். வீட்டிலை ஒருத்தருக்கும் விருப்பமில்லை. ஆனாலும் நாங்கள் கலியாணம் எழுதப் போறம்."

குசினியில் கேத்தில் கொதிக்கிற சத்தம் கேட்டது. "அப்ப ஏன் என்ரை சீலையைக் கேட்டனீங்கள்?" என்றேன். என் குரல் எனக்கே பிடிக்கவில்லை.

"வெயிலிலை நீலம்தான் எடுபடும் எண்டு அண்ணாவியார் சொன்னவர். உம்மட்டைத்தான் நீலம் இருந்தது. நான் வேறை ஒண்டையும் யோசிக்கேல்லை. உம்மடை சின்னம்மா வந்து போன பிறகுதான் தலையிலை அடிச்சன்." பிறகு சொன்னார், "அம்மாவைக் கொண்டு ஏதாவது சாட்டுச் சொல்லி விட்டிருக்கலாம். அது களவெண்டு நீர்தானே சொன்னனீர்."

அதைச் சொல்லிவிட்டு நிமிர்ந்தார். கண்ணைத் தாழ்த்தவில்லை. கையில் எதையும் திருகவில்லை. "உம்மிலை ஒரு குறையும் இல்லை. நீர் நல்லவ. என்ரை மனம் வேறை இடத்திலை நிக்குது. இனி அது திரும்பாது."

தங்கச்சி என்று சொல்லவில்லை. மன்னிப்புக் கேட்கவில்லை. நான் சொல்லிக் கொடுத்தபடியே, ஒரு சொல் கூடாமல் குறையாமல். அப்படிச் சொன்னால் குறைவாக நோகும் என்று எந்த மண்ணாங்கட்டி அறிவை வைத்துக்கொண்டு அன்று சொன்னேனோ தெரியாது. நொந்தது. நெஞ்சு எரிய எரிய நொந்தது. ஆனால் அவரைக் குறை சொல்ல எனக்கு ஒன்றும் கிடைக்கவில்லை.

"ஓம்," என்றேன். "இப்ப சரியாச் சொல்லுறியள்."

அம்மா தேத்தண்ணியோடு வந்தார். அவர் நின்றபடியே முழுவதையும் குடித்தார். அந்தச் சீனியை மிச்சம் விட்டுப் போக அவருக்கு மனம் வரவில்லைப் போல. கோப்பையை அம்மாவின் கையில் கொடுத்து, "வாறன் மாமி" என்று சொல்லிச் சைக்கிளை எடுத்தார். மாமி என்ற சொல்லைக் கேட்டு அம்மா அரும்பிச் சிரித்தார். சிரிக்க முதல் நான் விஷயத்தைச் சொல்லியிருக்க வேண்டும்.

பின்னால் நடந்ததையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன், பிறகு சொல்ல மனம் வராது. அவர்கள் எழுதிக்கொண்டார்கள். கோப்பாயில் அவளைக் கைகழுவிவிட்டார்கள். தொண்ணூற்றைந்தில் ஆமி வருகிறதென்று ஊர் முழுவதும் மழைக்குள் எழும்பி வெளிக்கிட்டபோது, நாவற்குழிப் பாலத்துக்குக் கிட்ட, அடி எடுத்து வைக்க இடமில்லாத நெரிசலில், எங்களுக்கு முன்னால் அவர் சைக்கிளை உருட்டிக்கொண்டு போனார். கரியரில் தாய். பக்கத்தில் மனைவி, தோளில் குழந்தை. என்னை யாரென்று அவளுக்குத் தெரியாது. அம்மா நனைவதைப் பார்த்துவிட்டு, தாங்கள் பிடித்திருந்த பொலித்தீன் விரிப்பின் ஒரு தொங்கலை எடுத்து அம்மாவின் தலைக்கு மேலே பிடித்தாள். நான் அவளுடைய விரல்களைப் பார்த்தேன். அவர் என்னைப் பார்த்துத் தலையாட்டினார். மழை பெரிதாக வந்தது, சனம் தள்ளியது, அவர்கள் எந்தப் பக்கம் போனார்கள் என்று தெரியவில்லை. பிறகு நான் அவர்களைக் காணவில்லை. புத்தகமும் சேலையும் வீட்டோடு கிடந்தன. திரும்பிப் போனபோது வீட்டின் அரைவாசிதான் இருந்தது.

அந்தச் சனிக்கிழமைக்கு வருகிறேன். படலை சாத்தின சத்தம் கேட்டதும் நான் அம்மாவிடம் சொன்னேன். "அவருக்குக் கோப்பாயிலை ஆள் இருக்காம். எழுதப் போகினமாம்."

அம்மா முதலில் விளங்காத மாதிரி நின்றார். பிறகு நிலத்தில் குந்தித் தலையில் கை வைத்தார். "என்ரை மாதாவே! ஊர் முழுக்கப் பாக்கப் பாக்க என்ரை பிள்ளையின்ரை சீலையை உடுத்து ஆடிப்போட்டு! கண்டறியாத கூத்து! இனி ஆரடி உன்னைக் கேட்டு வருவினம்?" மாமாவுக்கு ஏச்சு, கோப்பாய்க்காரிக்கு ஏச்சு, எனக்கும் புத்தகத்துக்கும் ஏச்சு. பக்கத்து வீட்டு யன்னல் திறந்தது. அம்மாவுக்கு அதைப் பற்றிக் கவலை இல்லை. எனக்காக அம்மா அப்படி அழுது நான் முதலும் கடைசியுமாகக் கண்டது அன்றைக்குத்தான்.

நான் சேலையைப் பெட்டிக்குள் வைத்தேன். கிணற்றடியில் முகம் கழுவினேன். செத்துப்போக வேண்டும் போல இருந்தது, உண்மையாக. வாளியைப் பார்த்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றேன். பிறகு குசினிக்குள் போனேன். விடியக் காலமை ஒரு வாய் பிளேன்ரீ குடித்ததோடு சரி. சோறு வடித்து வைத்திருந்தது. முருங்கையிலைச் சுண்டல். கருவாட்டுக் குழம்பு. கருவாடு முந்தின கிழமை அவர் தந்தது.

சாப்பாட்டுக் கோப்பையில் சோற்றைப் போட்டு, குழம்பை விட்டு, நிலத்தில் குந்திக் குழைத்தேன். முதல் வாய் தொண்டையில் நின்றது. தண்ணீர் குடித்து இறக்கினேன். இரண்டாவது வாய் வைத்தபோது எனக்குப் பசிப்பது தெரிந்தது. நல்ல பசி. உறைப்பும் புளியும் சரியாக இருந்தன. கண்ணால் தண்ணீர் ஓட ஓட, நிறுத்தாமல் சாப்பிட்டேன். முள்ளை எடுத்து ஓரத்தில் வைத்தேன். கோப்பையில் ஒட்டியிருந்த குழம்பை விரலால் வழித்து நக்கினேன்.

அம்மா குசினி வாசலில் வந்து நின்று பார்த்தார். அவருடைய அழுகை நின்றுவிட்டது. என்னை அவர் அப்படி வெறுப்பாகப் பார்த்ததில்லை.

"வெட்கம் கெட்டவளே," என்றார். "உனக்கு எப்பிடியடி சோறு இறங்குது?"

"பசிக்குது அம்மா," என்றேன்.

அவர் நின்ற இடத்தை விட்டு அசையவில்லை. நான் எழும்பிப் போய் இன்னும் கொஞ்சம் சோறு போட்டுக்கொண்டு வந்து திரும்பக் குந்தினேன்.